டெபாசிட் தேடும் ஒப்பந்ததாரர்

உள்ளாட்சி அலுவலகத்துக்கு வரும் ஒப்பந்ததாரருக்கு இரண்டு பருவங்கள் உண்டு. வேலை எடுக்கும் பருவத்தில் படியேறும்போதே கைபேசியில் யாரையோ அதட்டிக்கொண்டு வருவார். பொறியாளர் அறைக்குள் கேட்காமலே நுழைவார். கட்டிய டெபாசிட்டைத் திரும்பக் கேட்கும் பருவத்திலும் வெள்ளை வேட்டி, ரெக்சின் பை மாறுவதில்லை. செருப்பை வெளியே கழற்றிவிட்டு வருவதுதான் அடையாளம்.

அவர் தேடும் பணம் மூன்று இடங்களில் சிக்கியிருக்கும். டெண்டர் போடும்போது வேலை மதிப்பில் ஏறத்தாழ 1 விழுக்காடு இ.எம்.டி. என்னும் முன்வைப்புத் தொகை கட்டவேண்டும். வேலை கிடைத்தால் எஸ்.டி. என்னும் காப்புத்தொகை இன்னொன்று. பில் போடும்போது வழக்கமாக 5 விழுக்காடு நிறுத்திவைப்பு. வருமான வரி, ஜி.எஸ்.டி., தொழிலாளர் நலநிதி என்று பிடிப்பவை போனால் போனதுதான் என்று மனத்தைத் தேற்றிக்கொள்வார். திரும்பி வரும் என்று விதியில் எழுதியிருக்கும் பணம்தான் தூக்கத்தைக் கெடுக்கும்.

இந்த இனத்தில் எளிய உயிர் டெண்டரில் தோற்றவர். அவருக்குப் பெரும்பாலும் பணம் வந்துவிடும். தோற்பதற்கென்றே டெண்டர் போட்டவர் கதை வேறு. போட்டி நடந்ததாகக் கோப்பில் தெரியவேண்டுமே என்று, ஜெயிப்பவரே நண்பர் பெயரிலும் மைத்துனர் பெயரிலும் டி.டி. எடுத்து வைத்திருப்பார். திரும்பும் காசோலை மைத்துனர் பெயரில் வரும். அதற்குள் இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை நின்றிருக்கும்.

ஜெயித்தவர் பாடு இன்னும் நீளம். போட்ட ரோட்டைக் குறிப்பிட்ட காலம் பழுதில்லாமல் காப்பது அவர் பொறுப்பு. அதுவரை முழுத்தொகையும் கைக்கு வராது. ஐப்பசி பிறந்தால் ஊரார் குடை தேடுவார்கள். இவர் தன் ரோட்டைப் பார்க்கப் போவார். தார் எவ்வளவு ஊற்றினோம் என்பது அவர் மட்டுமே அறிந்த கணக்காகையால் கவலையில் நியாயம் உண்டு. மழை விட்டாலும் பாதாளச் சாக்கடைக்காரர் விடமாட்டார். நடுரோட்டைத் தோண்டி, மண்ணைத் தள்ளி மூடிவிட்டுப் போவார். மறுவாரம் விழும் பள்ளம் யாருடையது?

“குழி நான் போட்டதில்லீங்க சார், ரோடு மட்டுந்தான் நான் போட்டது” என்பார் ஒப்பந்ததாரர்.

“ரெண்டும் ஒரே இடத்துலதானேங்க இருக்கு” என்பார் உதவிப் பொறியாளர்.

இதற்கு மறுப்பு கிடையாது.

காலக்கெடு முடிந்தபின் விண்ணப்பம். அதற்கு அசல் ரசீது வேண்டும். ரசீதை டெண்டரோடு இணைத்துக் கொடுத்தாயிற்று; அது கோப்பில் இருக்கிறது; கோப்பு தணிக்கையில் இருக்கிறது. கோப்பு திரும்பும்போது எழுத்தர் மாறுதலில் போயிருப்பார். புது எழுத்தர் வந்து குறிப்பு எழுதினால் கையெழுத்துப் போடவேண்டிய செயல் அலுவலர், கூடுதல் பொறுப்பாகப் பக்கத்துப் பேரூராட்சியைப் பார்க்கப் போயிருப்பார். நிதி இல்லை என்பது கடைசியாகச் சொல்லப்படும் காரணம். பல சமயம் உண்மையானதும் அதுவே. டெபாசிட் தனியாக இருக்கவேண்டிய பணம். சம்பளமும் மின்கட்டணமும் நெருக்கிய ஏதோ ஒரு மாதத்தில் அது எங்கே போயிற்று என்று கேட்பது நாகரிகமில்லை.

வழக்குப் போடலாமே, தகவல் உரிமைச் சட்டத்தில் 30 நாளில் பதில் வாங்கலாமே என்று வெளியாள் யோசனை சொல்வார். ஒப்பந்ததாரர் சிரிப்பார். அடுத்த டெண்டர் அறிவிப்பு அதே அலுவலகத்துடையது. 20,000 ரூபாய்க்காக 20 லட்ச ரூபாய் வேலையை எவர் கெடுத்துக்கொள்வார்? எனவே எழுத்தருக்கு டீ, கண்காணிப்பாளர் மகள் கல்யாணத்துக்கு மொய். மொய்யாவது தம் வீட்டு விசேஷத்தில் திரும்பி வரும்.

இணையவழி டெண்டரில் தோற்றவரின் இ.எம்.டி. இப்போதெல்லாம் வங்கிக் கணக்குக்கே போய்ச் சேர்கிறது. எஸ்.டி.க்கு அந்தக் கால் முளைக்கவில்லை, ஆள்தான் நடக்கவேண்டும். நடந்தவர் காலமாகிவிட்டால் மகன் வருவார். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், மற்ற வாரிசுகளின் சம்மதக் கடிதம், இறப்புச் சான்றிதழ் மூன்றும் கேட்கப்படும். இவற்றில் இறப்புச் சான்றிதழ் மட்டும் சீக்கிரம் கிடைக்கும். அதைத் தருவது அதே அலுவலகத்தின் எதிர் மேசை.