சாகாத போகரும் செத்துப் பிழைத்த நாயும்

பதினெண் சித்தர்களுக்குத் தனிக்கோயில் வைத்திருக்கும் ஊர் மாடம்பாக்கம். கோக்குமாக்கான முனிவர்கள் இந்த ஊருக்குப் புதிதல்ல. சகரனின் 60,000 பிள்ளைகளை ஒரே முறைப்பில் சாம்பலாக்கிய கபிலர், சிவலிங்கத்தை இடக்கையில் வைத்துப் பூசை செய்த குற்றத்துக்காக இங்கே பசுவாகப் பிறந்து புல் மேய்ந்தார் என்கிறது தேனுபுரீஸ்வரர் கோயில் தலபுராணம். அறுபதாயிரம் கொலைக்கு வழக்கே இல்லை. கை மாறியதற்குத் தண்டனை!

சித்தர்கள் விஷயத்துக்கு வருவோம். அந்தப் பதினெட்டுப் பேர் யார் யார் என்ற பட்டியல் ஆளுக்கு ஆள் மாறும். எந்தப் பட்டியலானாலும் அநேகமாக போகர் இருப்பார். ஆள் அப்படி. மற்றவர்கள் மூச்சை அடக்கினார்கள், பாட்டுப் பாடினார்கள், சாதியைத் திட்டினார்கள். போகர் காலத்தோடு நேரடியாகவே தகராறு செய்தார். காயகற்பம் என்பது அவர் துறை: உடம்பு நரைக்கக் கூடாது, திரைக்கக் கூடாது, முடிந்தால் சாகவும் கூடாது.

குரு காலாங்கிநாதர் சீன தேசத்தில் இருந்தார். சமாதிக்குப் போகுமுன், இங்கே வந்து என் வேலையைப் பார் என்று சீடனை அழைத்தார். போகர் கெவுன குளிகை என்ற பறக்கும் மாத்திரையை வாயில் அடக்கிக்கொண்டு வானத்தில் கிளம்பிவிட்டார். விசா, வரிசை, கைப்பை சோதனை எதுவும் கிடையாது. போன இடத்தில் சீனர்களுக்கு நீராவிக் கப்பல் செய்து காட்டினார், பாராசூட் செய்து காட்டினார் என்று பக்தர்கள் அடுக்குவார்கள். ஜேம்ஸ் வாட்டின் வாரிசுகள் இன்னும் வழக்குப் போடவில்லை.

சாகாமருந்து சோதனைதான் இந்த வாழ்க்கையின் உச்சகட்டம். சீடர்களோடு ஒரு மலையில் ஏறி, மாத்திரை உருட்டி, முதலில் நாய்க்குக் கொடுத்தார். நாய் சுருண்டு விழுந்து செத்தது. இந்த இடத்தில் எந்த வைத்தியரும் ஏட்டை எடுத்துப் பார்ப்பார். போகர் அடுத்த மாத்திரையைத் தாமே போட்டுக்கொண்டு விழுந்தார். யூ என்ற சீடன், குரு காரணமில்லாமல் சாகமாட்டார் என்று தானும் விழுங்கிப் படுத்துவிட்டான். மிச்சமிருந்தவர்கள் புத்திசாலிகள். நாலு நாள் கூடுதலாக வாழ இந்தக் கண்றாவி வேண்டுமா என்று, அடக்கத்துக்கு ஏற்பாடு செய்ய மலையிறங்கினார்கள். அவர்கள் தலை மறைந்ததும் குரு, சீடன், நாய் மூவரும் எழுந்து தூசி தட்டிக்கொண்டு நடந்தார்கள். போன புத்திசாலிகளுக்கு ஒரு கடுதாசி மட்டும் விட்டுவைத்தார்களாம்: மருந்து வேலை செய்கிறது, உங்களுக்குத்தான் கொடுத்துவைக்கவில்லை.

கதை அருமை. சிக்கல் என்னவென்றால், இதே மலை, இதே நாய், யூ என்ற இதே சீடனோடு, 4ஆம் நூற்றாண்டில் கோ ஹுங் என்ற சீனர் தொகுத்த ‘தெய்வீக அமரர்கள் சரித்திர’த்திலும் இந்தக் கதை இருக்கிறது. அங்கே குருவின் பெயர் வெய் போயாங். நாய் உட்பட மொத்தக் குடும்பமும் ஊர் மாறி வந்திருக்கிறது. பக்தர்கள் இதற்குத் துளியும் அசரவில்லை. அந்த வெய் போயாங்கே நம் போகர்தான் என்றுவிட்டார்கள். சாகாதவர்களுக்கு இது ஒரு வசதி. திருட்டுக் கதை என்று யாராவது கையைப் பிடித்தால், அந்த ஆளும் நான்தான் என்று சொல்லிவிடலாம்.

சீனத்தில் எல்லோருக்கும் அந்த நாயின் யோகம் வாய்க்கவில்லை. தாங் வம்சத்துப் பேரரசர்கள் பலர் சாகாமருந்து சாப்பிட்டே செத்தார்கள். பாதரசமும் பாஷாணமும் அரசர் என்று பார்ப்பதில்லை. இதையெல்லாம் பார்த்துத்தானோ என்னவோ, ஊர் திரும்பிய போகர் உத்தியை மாற்றினார். விஷத்தை மனிதன் வாயில் போடாமல், ஒன்பது பாஷாணங்களைக் கட்டிப் பழனியாண்டவர் திருமேனியாக வடித்தார். மேலே ஊற்றும் பாலும் பஞ்சாமிர்தமும் மருந்தாக இறங்கட்டும் என்றார். மருந்துக்கு மருந்து, பிரசாதத்துக்குப் பிரசாதம்; அதுவும் இனிப்பாக. தமிழ் வைத்திய வரலாற்றிலேயே நோயாளி இன்னும் கொஞ்சம் கேட்டு வாங்கிச் சாப்பிட்ட ஒரே மருந்து அதுதான்.

காலம் விடுமா? நூற்றாண்டுக்கணக்கான அபிஷேகத்தில் சிலை தேய்ந்தது. 2004இல் கருவறைக்குள் ஓர் ஐம்பொன் சிலையைக் கொண்டுவந்து வைத்தார்கள். எதிர்ப்பு கிளம்ப, அதே ஆண்டில் எடுத்தும்விட்டார்கள். 2018இல் அது சிலைக் கடத்தல் தடுப்புப் பிரிவின் வழக்காகவும் ஆனது. போகர் இது எதற்கும் கருத்துச் சொல்லவில்லை. அதே பழனி மலையில் அவர் சமாதி இருக்கிறது. சாகாதவருக்குச் சமாதி எதற்கு என்று கேட்பவர்களுக்கு, அது ஜீவசமாதி, உள்ளே உயிரோடுதான் இருக்கிறார் என்ற பதில் தயாராக இருக்கிறது.

அவர் பெயரிலுள்ள ‘போகர் ஏழாயிரம்’ நூலின் தமிழோ, ஆசிரியர் சொல்லும் வயதுக்கு ஒத்துழைக்க மறுக்கிறது. சொற்களைப் பார்த்த ஆய்வாளர்கள், சில நூற்றாண்டுகளுக்கு முந்திய சரக்கு என்கிறார்கள். காயத்தைக் கற்பமாக்கிய மனிதர், நடையைக் கவனிக்காமல் விட்டுவிட்டார். ஒரு சமாதானம் இருக்கிறது: பல ஆயிரம் ஆண்டு வாழ்கிறவர் கடைசியாக எப்போது எழுத உட்கார்ந்தாரோ, அந்தக் காலத்துத் தமிழில்தானே எழுதுவார்? இதற்கு எந்த ஆய்வாளரிடமும் பதில் கிடையாது.

மாடம்பாக்கத்திலிருந்து கொஞ்ச தூரத்தில், தாம்பரம் சானடோரியத்தில், தேசிய சித்த மருத்துவ நிறுவனம் நடக்கிறது. ரசம், கந்தகம், வீரம், பூரம் என்ற சித்த மருந்துச் சரக்குகள் எல்லாம் அங்கே இப்போது ஆய்வுக்கூட விவகாரம். புது மருந்து என்றால் நச்சுத்தன்மைச் சோதனை, நெறிமுறைக் குழு, மூன்று நகல், முத்திரை. போகரே நேரில் வந்து மாத்திரையை நீட்டினாலும், முதலில் எலிக்குக் கொடுத்தீர்களா என்றுதான் கேட்பார்கள். நாய்க்குக் கொடுத்தேன், செத்தது, பிறகு எழுந்து என்னோடு நடந்து வந்தது என்பதை அந்தப் படிவத்தில் ‘பக்க விளைவுகள்’ கட்டத்தில் எழுதுவதா, ‘பலன்கள்’ கட்டத்திலா?