‘லேட்டு’: செங்கல்பட்டு – மாமல்லபுரம் வட்டார வழக்கை முன்வைத்து ஒரு சொல்லாய்வு

1. வடிவம்: தொல்காப்பியப்படி லகரம் சொல்லுக்கு முதலில் வராது; டகர மெய் கடைசியில் நிற்காது. ஆக, ‘லேட்’டுக்குத் தலையிலும் குற்றம், காலிலும் குற்றம். செங்கல்பட்டு மக்கள் உகரம் கூட்டிக் காலைச் சரிசெய்துவிட்டார்கள். தலையில் இகரம் சூட்டி ‘இலேட்டு’ என்று எழுதத் துடிக்கும் புலவர்களுக்கு இக்கட்டுரை காணிக்கை.

2. தோற்றம்: பழைய ஆங்கிலத்தில் இதற்கு மந்தம், சோம்பல் என்றே பொருள். களைப்பைக் குறிக்கும் இலத்தீன் ‘லாஸ்ஸுஸ்’ இதன் பங்காளி. நேரக் கணக்கு பிற்பாடு வந்து ஒட்டிக்கொண்டது. ஆதிப்பொருள் வழுவாமல் இன்றும் ஒழுகுவது மாமல்லபுரத்து ‘வெண்ணெய் உருண்டை’ப் பாறை ஒன்றே. சரிவில்தான் உட்கார்ந்திருக்கிறது, இன்னும் உருண்டபாடில்லை.

3. பொருள்கள்:

அ. காலமானவர். கல்யாணப் பத்திரிகையில் பெயருக்கு முன்னால் வரும். தாலி கட்டியபின் வருபவரையும் இதே சொல் குறிக்கும். இவர் பந்திக்குத் தப்பாமல் வந்துவிடுவார் என்பதே வேற்றுமை.

ஆ. ரயில். ‘பத்து நிமிஷம் லேட்டு’ என்பது, வண்டி வரும்வரை உள்ள காலம் (சுண்டல்காரர், செங்கல்பட்டு நடைமேடை, வாய்மொழி). அது அளவன்று, ஆறுதலே என்பாரும் உளர் (அதே நடைமேடை, கொளவாய் ஏரி பார்த்த பெஞ்சு, முதுகுப்பக்கம், ஆணிக் கீறல், மூன்றாம் வரி, பெயின்ட் அடித்ததில் மூலம் மறைந்தது, அதன்மேல் காகம் இட்ட உரை மட்டும் கிடைக்கிறது, உரையாசிரியர் காலம் மாலை ஐந்துக்கும் ஆறுக்கும் இடைப்பட்டது).

இ. பிற்காலம். கலை வரலாற்றாசிரியர் கொள்ளும் பொருள். ஐந்து ரதங்களை ஏழாம் நூற்றாண்டின் மாமல்லன் நரசிம்மவர்மனுக்கு உரியவை என்று சொல்லி வந்தார்கள். 1962இல் தொல்லியல் அறிஞர் இரா. நாகசாமி, மாமல்லபுரத்துச் சின்னங்கள் எல்லாமே பின்வந்த பல்லவ மன்னன் ராஜசிம்மன் பணி என்று எழுதினார். ஒரே கட்டுரையில் ரதங்கள் ஏறக்குறைய அரை நூற்றாண்டு லேட்டாயின. செங்கல்பட்டு வண்டிக்கு இந்தச் சாதனை இன்னும் கைகூடவில்லை. பிறகு மற்ற அறிஞர்கள் மறுத்து, ரதங்களைப் பழையபடி சீக்கிரமாக்கினார்கள். இத்தனைக்கும் ரதங்கள் நின்ற இடத்தை விட்டு நகரவில்லை. அவற்றில் உளி வேலையே 1300 ஆண்டாகப் பாக்கி; அதற்காக யாரும் பல்லவனிடம் விளக்கம் கேட்கவில்லை. 1984இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம் என்று பட்டமே கொடுத்தது.

4. பயன்: ஆபீசில் மெமோ வந்தால் இனி மன்னிப்புக் கடிதம் வேண்டாம். ‘அடியேன் வந்த காலம் குறித்து அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு’ என்று எழுதிக் கொடுக்கலாம்.