வரவேற்பறைத் தொலைக்காட்சியில் கணினி விளையாட்டும் மவுஸின் இருப்பிடச் சிக்கலும்: ஒரு முன்னாய்வு

மேசைக்கென்றே பிறந்த கணினியைக் கொண்டுவந்து ஹாலில் உள்ள டிவியில் மாட்டி, சோபாவில் சாய்ந்தபடி விளையாடும் வழக்கம் நாளுக்கு நாள் பரவிவருகிறது. இத்துறையில் இதுகாறும் எழுந்த உரைகள் எந்த போர்ட், எந்த கேபிள், எந்த கிராபிக்ஸ் கார்டு என்ற வினாக்களோடு நின்றுவிட்டன. விளையாடுபவர் உட்கார்ந்திருப்பார் என்பதை எவரும் கருத்தில் கொண்டதாகத் தெரியவில்லை. அந்த இடைவெளியை இக்கட்டுரை நிரப்புகிறது. வேறு யாரும் தொடாத பொருள் என்பதே இதை ஆராய நமக்குள்ள தகுதி. இதனினும் குறைந்த தகுதிக்கு முனைவர் பட்டங்கள் வழங்கப்பட்டிருப்பதால் நாம் கூச வேண்டியதில்லை.

சான்றுகள்

முதன்மைச் சான்றுகள் மூன்று. முதலாவது, டிவி வந்த அட்டைப்பெட்டி. பரணில் கண்டெடுக்கப்பட்டது, அடிமுகத்தில் கரப்பான் அரித்ததால் சில வரிகள் சிதைந்துள்ளன. அடுத்தது கையேடு. பல மொழிகளில் எழுதப்பட்டு, எல்லா மொழிகளிலும் ஒரே அளவுக்குப் புரியாமல் இருப்பது இதன் தனிச்சிறப்பு. மூன்றாவது, டிவியின் முதுகில் பொறித்துள்ள எழுத்துகள். இவை சுவரை நோக்கியிருப்பதால் இடுக்கில் கையை விட்டு, செல்போனால் படமெடுத்துப் படியெடுக்கப்பட்டன. கோயில் கல்வெட்டுகளின்மேல் சுண்ணாம்பு பூசிவிட்டார்களே என்று முறையிடும் அறிஞர்கள், சுவரில் மாட்டிய டிவியின் பின்புறத்தை ஒருமுறை எட்டிப் பார்க்க வேண்டும்.

கேபிள்

வேண்டும்.

போர்ட்

எச்டிஎம்ஐ இணைப்பின் முதல் பதிப்பு 2002 டிசம்பரில் வெளிவந்தது. 2013-இல் வந்த 2.0 பதிப்பு நொடிக்கு 18 கிகாபிட் தாங்கும். 4கே படத்தை நொடிக்கு 60 முறை காட்ட அது போதும். 2017 நவம்பரில் வந்த 2.1 பதிப்பு 48 கிகாபிட் வரை போகும். அதே படம் நொடிக்கு 120 முறை வரும். இங்கேதான் பாடபேதச் சிக்கல் தொடங்குகிறது. 2.1 வந்தபின் 2.0 என்று தனியாக ஒன்று கிடையாது, அது புதிய பதிப்புக்குள் அடங்கிவிட்டது என்பது உரிமம் வழங்கும் அமைப்பின் நிலைப்பாடு. புதிய பதிப்பின் சிறப்புகளோ விருப்பப்பாடம். ஆகவே பழைய வேகமே உடைய போர்ட்டும் 2.1 என்று பட்டம் சூட்டிக்கொள்ளலாம். அட்டையை மட்டும் மாற்றித் ‘திருத்திய பதிப்பு’ என்று பாடநூல் விற்கும் பேராசிரியர்களுக்கு இதில் வியப்பு ஒன்றும் இராது.

பல டிவிகளில் நான்கு போர்ட்டுகளுள் இரண்டுக்கே முழு வேகம். அவ்விரண்டில் ஒன்று சவுண்ட்பாருக்கும் உரியது (டிவி முதுகு, இடப்பத்தி, கீழிருந்து படிக்க). மற்றொன்றில் செட்டாப் பாக்ஸ் செருகப்பட்டிருக்கும். அதற்கு அந்த வேகம் தேவையே இல்லை. ஆனால் அதை யார் செருகினார், ஏன் செருகினார் என்பதற்குச் சான்றில்லை. ‘அதைத் தொடாதே’ என்ற செவிவழி மரபு மட்டுமே உண்டு.

படம்

தனக்கு வரும் படத்தை அப்படியே காட்டுவதை டிவி கௌரவக் குறைவாகக் கருதுகிறது. வண்ணம் ஏற்றும், கூர்மை கூட்டும், இரண்டு படங்களுக்கு நடுவே இல்லாத படமொன்றைத் தானே கற்பித்துச் செருகும். உரையாசிரியர்கள் மூலத்தில் இல்லாததைச் செருகியபோது யாருக்கும் அவசரம் இல்லை. விளையாட்டில் அவசரம் உண்டு. நொடிக்கு 60 படம் என்றால் ஒரு படத்துக்கு ஏறக்குறைய 16.7 மில்லிநொடி. மெருகேற்றும் வேலைக்கு டிவி 100 மில்லிநொடி எடுத்துக்கொண்டால் ஆறு படங்கள் பின்தங்கிவிடும். ஆட்டத்தில் நாம் செத்துப்போன செய்தி நமக்கு ஆறு படம் தாமதமாக வந்துசேரும். ‘கேம் மோட்’ என்ற அமைப்பைப் போட்டால் டிவி மெருகேற்றுவதை விட்டுவிட்டு விரைந்து காட்டும். படத்தின் பளபளப்பும் சற்றுக் குறையும். டிவி கெட்டுப்போய்விட்டது என்று வீட்டில் பேச்சு எழுவது இதனாலேயே.

ஓரச்சிதைவு என்றொரு கூறும் உண்டு. குழாய் டிவி காலத்தில் படத்தின் ஓரங்கள் சட்டத்துக்குள் மறைந்துவிடுவது இயல்பு. குழாய் போயிற்று, வழக்கம் போகவில்லை. தட்டை டிவிகள் சிலவும் வருகிற படத்தைச் சற்றே பெரிதாக்கி நான்கு ஓரங்களையும் நறுக்கிவிடும். சினிமாவில் இது தெரியாது. விண்டோஸில் டாஸ்க்பார் பாதியாகிவிடும். ‘ஜஸ்ட் ஸ்கேன்’, ‘ஸ்கிரீன் ஃபிட்’ எனக் கம்பெனிக்கொரு பெயரில் இதற்கு மருந்து உண்டு. சில டிவிகளில் அந்த இணைப்புக்கு ‘பிசி’ என்று பெயர் மாற்றினாலே போதும், ஓரமும் திரும்பும், எழுத்தும் தெளியும். பெயரை மாற்றினால் குணம் மாறும் என்ற எண்கணித ஜோதிடர்களின் கொள்கைக்கு நாமறிந்த ஒரே நிரூபணம் இது.

எழுத்தளவு

தெரியாவிட்டால் பெரிதாக்குக.

ஒலி

கீழ்வீட்டுக்காரர் மேலே வரும்வரை ஆய்வுக்குரியதன்று.

கன்ட்ரோலர்

வயரில்லாக் கன்ட்ரோலர்கள் பெரும்பாலும் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலையில் பேசுவன. யுஎஸ்பி 3.0 கருவிகளும் கேபிள்களும் அதே பகுதியில் இரைச்சல் எழுப்பும் என்று இன்டெல் நிறுவனம் 2012-இல் ஓர் அறிக்கை வெளியிட்டது. (இக்கட்டுரையில் ஆய்வு எனத்தக்க மேற்கோள் இது ஒன்றே, நடைக்குப் பொருந்தாமல் துருத்திக்கொண்டிருப்பின் பொறுத்தருள்க.) ஆகவே ரிசீவரைக் கணினியின் பின்னால், வெளி ஹார்ட் டிஸ்க்குக்குப் பக்கத்தில் செருகிவிட்டுக் கன்ட்ரோலரைத் திட்டுவது முறையன்று. நீட்டிப்பு வயர் ஒன்றில் மாட்டி முன்னே கொண்டுவருக.

மவுஸ்

இனி மையப்பொருள். 2012 டிசம்பரில் வால்வ் நிறுவனம் தன் ஸ்டீம் மென்பொருளில் ‘பிக் பிக்சர்’ முறையைக் கொண்டுவந்தது. கன்ட்ரோலரை மட்டும் கையில் வைத்துக்கொண்டு ஆட்டத்தைத் தேடலாம், வாங்கலாம், தொடங்கலாம். இத்துடன் மவுஸ் தேவையற்றுப் போயிற்று என்று முந்தைய ஆய்வாளர்கள் முடிவுகட்டினர். அவர்கள் ஆட்டத்தைத் தொடங்கிப் பார்க்கவில்லை என்பது இதனால் பெறப்படும். தொடங்கினால், சில ஆட்டங்கள் தமக்கென்று தனியே ஒரு சன்னலைத் திறக்கும். அதில் ‘பிளே’ என்றொரு பொத்தான் இருக்கும். அந்தப் பொத்தானுக்குக் கன்ட்ரோலர் என்றால் என்னவென்றே தெரியாது. அதைத் தாண்டினால் அப்டேட் செய்யவா என்று விண்டோஸ் கேட்கும். அதையும் தாண்டினால், ஆட்டத்துக்குப் பின்னால் ஒளிந்திருக்கும் ஒரு சிறு பெட்டி நம் சம்மதத்துக்காகக் காத்திருக்கும். மவுஸ் வேண்டும். மவுஸை எங்கே வைப்பது?

இங்கு நான்கு கொள்கையினர் உளர்: தொடையார், கைப்பிடியார், திண்டார், பலகையார்.

தொடையாரை முதலில் எடுத்துக்கொள்வோம். ஒளியால் இயங்கும் மவுஸின் அடியில் ஒரு குட்டிக் கேமரா நொடிக்கு ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களை எடுத்து, முன்னதையும் பின்னதையும் ஒப்பிட்டு, தான் எவ்வளவு நகர்ந்தோம் என்று கணிக்கிறது. கண்ணாடி மேசைமேல் பல மவுஸ்கள் தடுமாறுவது அங்கே ஒப்பிட ஒன்றும் இல்லாததால். கட்டம் போட்ட லுங்கியில் ஒப்பிட ஏராளம் உண்டு. இதுவே தொடையாரின் வலுவான வாதம் (லுங்கி, இடத்தொடை, நான்காம் கட்டம்). ஆயினும் நகர்ந்தது மவுஸா, தொடையா என்று அந்தக் கேமராவுக்குத் தெரியாது. காலை ஆட்டினால் திரையில் அம்புக்குறியும் ஆடும். ‘உட்கார்ந்து காலாட்டாதே, வீட்டுக்கு ஆகாது’ என்று பாட்டிமார் சொல்லிவந்ததன் உட்பொருள் இப்போது விளங்கும். ஒளியியல் மவுஸின் நுட்பம் முழுவதையும் நம் முன்னோர் அறிந்திருந்தனர் என்பது வெள்ளிடைமலை. அணு முதல் விமானம் வரை அத்தனையையும் பழைய ஏட்டில் கண்டெடுத்த அறிஞர்கள் இதை மட்டும் எப்படித் தவறவிட்டனர் என்று தெரியவில்லை. அவர்கள் வீட்டில் பாட்டி சொல்லை யாரும் கேட்டிருக்கமாட்டார்கள்.

கைப்பிடியாரின் கொள்கை எளியது: சோபாவின் கைப்பிடிமேல் மவுஸை வைக்கலாம். கைப்பிடி வளைந்திருக்கும், அங்கே ஏற்கெனவே ரிமோட்டும் காப்பி டம்ளரும் இருக்கும் என்பவற்றை இவர்கள் அடிக்குறிப்பில் ஒப்புக்கொள்கின்றனர் (காண்க: சோபா உறை, வலக் கைப்பிடி, காப்பிக் கறைப் பாடம், இதனை மறுப்பது: அதே உறை, துவைத்தபின், மறுப்புக்கு மறுப்பு: இடக் கைப்பிடி, பால்பாயிண்ட் பேனாக் கிறுக்கல், கையெழுத்து எட்டு வயதுக்கு உட்பட்டோருடையது, காலம் ஏதோவொரு கோடை விடுமுறை, இக்கிறுக்கலை இடைச்செருகல் என்பார் அந்த வீட்டுப் பிள்ளைகளைப் பாராதவர்). திண்டாரைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. திண்டில் வைத்த மவுஸ் புதைந்துவிடும்.

பலகையாரே நம் மதிப்புக்குரியோர். ஆனால் இவர்களுக்குள் பிரிவுகள் மிகுதி. முறத்தைக் கவிழ்த்து வைப்போர் ஒருசாரார். முறத்தின் பின்னல் மேடுபள்ளமாக இருப்பதால் மவுஸ் நடுங்கும் என்பது இவர்கள்மேல் சொல்லப்படும் குறை. சப்பாத்திப் பலகையை மடியில் வைத்துக்கொள்வோர் மற்றொருசாரார். வழவழப்பு உண்டு, எனினும் வட்டமாதலால் ஓரத்தில் மவுஸ் கீழே விழும், இரவில் அதைத் தேடி அடுப்படியிலிருந்து ஆள் வரும். காலத்தை வென்று நிற்பது பரீட்சை அட்டை ஒன்றே. தட்டையானது, எடை குறைந்தது, மடியில் நிற்பது, வீட்டில் பள்ளிப் பிள்ளை இருந்தால் செலவில்லாதது. தேர்வுக்காலத்தில் மட்டும் கிடைக்காது. அந்தக் காலத்தில் விளையாடுவதும் நடவாது என்பதால் இது குறையாகாது.

பரீட்சை அட்டையாரும் இரண்டாகப் பிரிந்தனர். கிளிப் டிவியை நோக்கி இருக்கவேண்டும் என்போர் வடகிளிப்பார். வயிற்றை நோக்கி இருக்கவேண்டும் என்போர் தென்கிளிப்பார். வடகிளிப்பில் மவுஸ் முன்னே ஓடிக் கிளிப்பில் முட்டிக்கொள்ளும். தென்கிளிப்பில் கிளிப் வயிற்றைக் கடிக்கும். இருதரப்பும் கோர்ட்டுக்குப் போகாததற்குக் காரணம், இது பற்றி இதுவரை யாரும் எழுதாததே என்று கருத இடமுண்டு. இக்கட்டுரை வெளிவந்தபின் நிலைமை மாறலாம். (இப்பிரிவுக்கு ஆதாரம்: பரீட்சை அட்டை, முன்முகம், பெருக்கல் வாய்பாட்டுப் பகுதி, பின்முகம், காம்பஸ் முனையால் செதுக்கிய எழுத்துகள், இரண்டாம் கையினது, அதன்மேல் ஒட்டிய கிரிக்கெட் வீரர் ஸ்டிக்கர், தலைப்பகுதி கிழிந்தது, ஸ்டிக்கரின் கீழ் இன்னொரு ஸ்டிக்கர் இருப்பதாக உரிமையாளர் கூறுகிறார், அவர் அனுமதி மறுத்ததால் சரிபார்க்க இயலவில்லை.)

இச்சிக்கலை வால்வ் நிறுவனமே உணர்ந்து, 2015 நவம்பரில் ஸ்டீம் கன்ட்ரோலர் என்ற ஒன்றை விற்பனைக்கு விட்டது. கட்டைவிரலுக்கு ஒன்றாக இரண்டு வட்டத் தொடுபரப்புகள் அதில் இருந்தன. பலகையும் வேண்டாம், தொடையும் வேண்டாம். விரல் நகர அம்பு நகரும். விலை 49.99 டாலர். 2019 நவம்பரில் இருப்பைத் தீர்க்க 5 டாலருக்குக் கொடுத்துவிட்டு உற்பத்தியை நிறுத்தினர். சரியான விடையைச் சொன்ன ஆய்வேட்டுக்கு நூலகத்தின் அடித்தட்டில் கிடைக்கும் மரியாதை அதற்கும் கிடைத்தது. போர்ட்டையும் கேபிளையும் பற்றி எழுதியவர்கள் இன்றும் எழுதிக்கொண்டிருக்கிறார்கள்.

முடிவு

தொடை, கைப்பிடி, திண்டு ஆகியவை ஆய்வில் தள்ளப்பட்டன. பரீட்சை அட்டை கொள்ளப்பட்டது. கிளிப்பின் திசை குறித்து நடுநிலை வகிக்கிறோம். இரு தரப்பிலும் நமக்கு நண்பர்கள் உண்டு. கட்டணம் கட்டினால் எதையும் வெளியிடும் ஆய்விதழ்கள் பல இதை வெளியிட முன்வந்திருக்கும். கட்டணம் கட்டும் எண்ணம் நமக்கில்லை. வாசகர்கள் ஒன்றை மட்டும் குறித்துக்கொள்க: மேற்கண்ட முடிவுகள் இரவு 10 மணிக்கு மேல்தான் செல்லும். அதுவரை டிவியில் சீரியல்.