கடைசி 15 நிமிடம்

பெஸ்தாரி ஜெயா (பழைய ஆட்களுக்கு இன்றும் பத்தாங் பெர்ஜுந்தை) பக்கம், செம்பனைத் தோட்டத்து வீட்டில் அண்ணன் மகன் கேம் விளையாடுகிறான். விளையாட்டைவிட அதைப் பதிவு செய்வதில்தான் அக்கறை. பிளேஸ்டேஷன் 4 கேட்காமலே கடைசி 15 நிமிடத்தைப் பிடித்து வைத்திருக்கும். சுட்டு முடித்தபின் ஷேர் பொத்தானை அழுத்திச் சேமித்தால் போதும். கல்யாண வீடியோக்காரருக்குக் கிடைக்காத வரம்!

கம்போங் குவாந்தானில் மின்மினி பார்க்கப் படகேறுபவர்கள் அதைக் கைப்பேசியில் எடுத்துக் கறுப்புப் படத்தோடு திரும்புகிறார்கள். இவன் திரையில் வரும் மின்மினியோ விநாடிக்கு 60 சட்டகத்தில் பளிச்சிடுகிறது.

கணினியில் பதிவு செய்ய ஓபிஎஸ் மென்பொருள். இலவசம்தான், ஆனால் விநாடிக்கு 6,000 கிலோபிட் வைத்தால் மணிக்கு 2.7 ஜிபி தின்னும். இடம் போதாமல் அவன் அழிக்கப் பார்த்தது தாத்தாவின் அறுபதாம் கல்யாணத்தை.

"ஏன்யா, பெரட்டுக்கு நிக்கிற மாதிரி விடியக்காலையிலே இந்தப் பொட்டி முன்னாடி நிக்கிற. கிராணி பேர் போடுவாரா?"

"ரெக்கார்டிங் ஓடுது பாட்டி, பேசாதீங்க!"

மைக் திறந்தே இருந்தது. அவன் சுட்ட சூரத்தனத்தை யாரும் கவனிக்கவில்லை. கூட்டாளிகள் திரும்பத் திரும்பக் கேட்டது, தோட்டத்துக் காலைப் பெரட்டில் ஆள்கணக்கு எழுதும் கிராணியைப் பற்றிய பாட்டியின் பேச்சைத்தான். இப்போது பாட்டிக்குத் தனி மைக். வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்துதான் உட்காருகிறார்.