லூட்டன் பஸ்ஸும் கம்பெனி பஸ்ஸும்

பேய்ப் படத்தில் பேய்க்குச் சம்பளம் கொடுப்பது தண்டச் செலவு என்பது என் கட்சி. வேலை முழுவதையும் பார்ப்பது சத்தம்தான். கதாநாயகி மாடிப்படி ஏறுவாள். பின்னணி இசை நின்றுவிடும். தியேட்டரில் பாப்கார்ன் மெல்லுகிறவர்கூட வாயை அப்படியே நிறுத்திக்கொள்வார். கதவு திறக்கும், உள்ளே ஒன்றும் இருக்காது. 'அப்பாடா' என்று சாய்கிற நேரம் பார்த்து, டமார்! பூனை. பூனைக்குப் பயப்பட டிக்கெட், பார்க்கிங் எல்லாம் தனி.

இந்த வித்தையைப் பிரபலமாக்கியது 1942-இல் வந்த 'கேட் பீப்பிள்'. ராத்திரியில் தனியே போகும் பெண்ணை ஏதோ பின்தொடர்கிறது. சிறுத்தை பாயப்போகிறது என்று நாம் மூச்சைப் பிடித்திருக்க, 'புஸ்ஸ்' என்று சீறி வந்து நிற்பது பஸ்! தயாரிப்பாளர் வால் லூட்டன் பெயரால் இந்த உத்திக்கே 'லூட்டன் பஸ்' என்று பேர் வந்துவிட்டது. எங்கள் ஊரான செம்பரம்பாக்கத்தில் இந்தப் பருப்பு வேகாது. ஒரகடத்திலிருந்தும் ஸ்ரீபெரும்புதூரிலிருந்தும் வரும் கம்பெனி பஸ்கள் விடிய விடிய இங்கே சீறிக்கொண்டுதான் ஆள் இறக்குகின்றன.

அப்படி இறங்குகிறவர்களில் என் மச்சானும் ஒருவர். செகண்ட் ஷிப்ட் முடிந்து, நடுராத்திரியில், குரைக்கிற நாயைக் குசலம் விசாரித்தபடி நடந்து வருவார். அதே மனுஷர் 'டிமான்ட்டி காலனி' பார்த்தபோது என் முழங்கையில் நகக்குறி வைத்தார்.

"கண்ணை மூடாதீங்க மச்சான், காதைப் பொத்துங்க" என்றேன்.

பொத்தினார். ஒரு ரூமுக்குள் நாலு பேர் சும்மா வாயைத் திறந்து மூடிக்கொண்டிருந்தார்கள். மச்சான் சிரித்த சிரிப்பில் முன் சீட்டுக்காரர்தான் பயந்தார்.

ஹிட்ச்காக்கே 'சைக்கோ' (1960) குளியலறைக் கொலைக்கு முதலில் இசை வேண்டாம் என்றவர். பெர்னார்ட் ஹெர்மன் வயலின்களைக் கீச்சிட வைத்துக் காட்டியதும் மனம் மாறினார். அங்கே ரத்தமாக ஓடியது சாக்லேட் சிரப். சிரப்பைப் பார்த்து யார் அலறுவார்கள்?

அறிவழகனின் 'ஈரம்' (2009) படத்தில் தண்ணீர் வழியாக ஆவி வரும். 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு எங்கள் பக்கம் அதைச் செய்திப்படமாகத்தான் பார்க்கிறோம். ஐப்பசி, கார்த்திகையில் டிவிக்காரர் சிரித்த முகத்தோடு, "24 அடி உயரமுள்ள செம்பரம்பாக்கம் ஏரியில் நீர்மட்டம் 22 அடியைத் தாண்டியது" என்பார். வயலின் கிடையாது, டமார் கிடையாது. மச்சான் முகம் வெளிறிவிடும். மனிதர் மனை வாங்கிப் போட்டிருப்பது ஏரிக்குக் கீழே, அடையாற்றோரம். காதைப் பொத்தச் சொன்னால் அடிக்க வருகிறார். எத்தனை கன அடி திறக்கிறார்கள் என்று கேட்க வேண்டுமாம்.