வரைகிறவரே அழிக்கிறார்

கே: நளினி மலானி இந்தியரா, பாகிஸ்தானியரா?

ப: பிறந்தது கராச்சியில், 1946-ல். பாகிஸ்தான் அவரைவிட ஒரு வயது இளையது! பிரிவினையில் கைக்குழந்தையாக இந்தப் பக்கம் வந்தார். முதலில் கல்கத்தா, பிறகு பம்பாய். ஜே.ஜே. கலைப்பள்ளியில் படித்து 1969-ல் வெளியே வந்தார். இந்திய ஓவியர்தான், சந்தேகம் வேண்டாம். ஆனால் கராச்சியை அவர் படங்கள் விட்டுக்கொடுத்ததே இல்லை.

கே: ஓவியர் என்கிறீர்கள். வீடியோ எடுப்பதும் ஓவியமா?

ப: 1998-ல் இந்தியாவும் பாகிஸ்தானும் மாறி மாறி அணுகுண்டு வெடித்துப் பார்த்தன. தெருவில் இனிப்பு வழங்கினார்கள். மலானி, எழுத்தாளர் மண்ட்டோவின் ‘டோபா டேக் சிங்’ கதையைக் கையில் எடுத்தார். எல்லைக்கோட்டின் நடுவே எந்த நாட்டுக்கும் போகமாட்டேன் என்று நின்றுவிடும் மனநோயாளியின் கதை அது. அகதிகள் தூக்கி வந்ததைப் போன்ற தகரப் பெட்டிகளுக்குள் டிவிக்களை வைத்தார். எதிரெதிர்ச் சுவர்களில் வீடியோவாக இரண்டு பெண்கள். ஒரு புடவையை ஆளுக்கொரு முனையில் பிடித்து மடிக்கப் பார்க்கிறார்கள், மடிக்க முடிவதில்லை. புடவை மடிக்கத் துணைக்கு ஆள் கூப்பிட்ட எந்தப் பெண்ணுக்கும் இதற்கு விளக்கவுரை தேவையில்லை. தூரிகையால் இதைச் சொல்ல முடிந்திருந்தால் அவர் தூரிகையையே எடுத்திருப்பார்.

கே: கண்ணாடி மாதிரிப் பரப்பின் பின்பக்கம் வரைவாராமே?

ப: ஆமாம், ஓவியர் பூபேன் கக்கர் கற்றுக்கொடுத்த வித்தை. நம் தஞ்சாவூர்க் கண்ணாடிப் படங்களும் இதே முறைதான். கண், மூக்கு, நகை எல்லாம் முதலில், பின்னணி கடைசியில். அடித்துத் திருத்த இடமே கிடையாது.

கே: ‘பெண் ஓவியர்’ என்று எதற்குப் பிரித்துச் சொல்ல வேண்டும்? ஓவியர் என்றால் போதாதா?

ப: போதும், சுவரில் சரிபாதி இடம் கிடைத்திருந்தால். 1979-ல் நியூயார்க்கில் பெண்களே நடத்திய ஏ.ஐ.ஆர். கேலரியைப் பார்த்துவிட்டு வந்தார். இங்கே அதுபோல ஒன்றுக்காகப் பல வருடம் அலைந்து, மாதவி பாரேக், நிலிமா ஷேக், அர்பிதா சிங் ஆகியோருடன் 1987 முதல் 1989 வரை ஊர் ஊராகக் கண்காட்சி கொண்டுபோனார். இந்த நால்வர் இல்லாமல் இன்று இந்திய ஓவிய வரலாறு எழுத முடியாது.

கே: தான் வரைந்ததைத் தானே அழித்துவிடுவாராம். வீண் உழைப்பு அல்லவா?

ப: ராஜஸ்தானின் நாத்துவாராவில் பழைய சுவரோவியங்கள் கவனிப்பாரின்றிப் பாழாகின்றனவே என்ற கோபத்தில், 1992-ல் பம்பாய் செமோல்டு கேலரிச் சுவர்களில் நேரடியாக வரைந்தார். கண்காட்சி முடிந்ததும் வெள்ளையடித்தார். விற்க ஒரு துண்டுகூட மிஞ்சவில்லை. நாம் அழியவிட்டது எவ்வளவு என்பதை வேறு எப்படி உறைக்கச் சொல்வது?

கே: இதெல்லாம் கேலரிக்குப் போகிறவர்களுக்குத்தானே?

ப: எழுபது வயதுக்குமேல் ஐபேடில் விரலால் வரைந்து, படங்களை அசையவைத்து, இன்ஸ்டாகிராமில் போடத் தொடங்கியவர் அவர். ஜம்முவின் கதுவாவில் எட்டு வயதுச் சிறுமிக்கு நேர்ந்த கொடுமையிலிருந்து பிறந்தது ‘கேன் யூ ஹியர் மீ?’. மொத்தம் 88 அசைபடங்கள். 2020-ல் லண்டன் ஒயிட்சாப்பல் கேலரியின் சுவர்களில் ஓடின. இன்ஸ்டாகிராமில் பார்க்க டிக்கெட் வேண்டாம், போன் இருந்தால் போதும். இன்றைக்கே தேடிப் பாருங்கள்.