பத்து எண்ணும்வரை

1990-களின் தொடக்கத்தில் வட சென்னையின் திருவொற்றியூர்த் தேரடிப் பக்கம் ஒரு கல்யாண வீடியோவுக்கு மூன்று பேர் போவோம். கேமராவைத் தோளில் சுமக்கும் மாஸ்டர், ஒயரை விரித்துச் சுருட்டும் பையன், சன் கன் விளக்கைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடிக்கும் லைட் பாய். நான் லைட் பாயாகத்தான் இந்தத் தொழிலுக்குள் வந்தேன். ஆயிரம் வாட் ஹாலஜன் விளக்கு அது. நேராக அடித்தால் மணப்பெண்ணின் கண்ணில் தண்ணீர் வந்துவிடும், மை கலையும். அதனால் சுண்ணாம்பு அடித்த சுவரையோ கூரையையோ பார்த்து விளக்கைத் திருப்பச் சொல்வார் மாஸ்டர். சுவரில் பட்டுத் திரும்பும் வெளிச்சம் முகத்தில் மெத்தென்று விழும். ஒளியைப் பற்றி நான் கற்ற முதல் பாடம் அது, இன்றைக்கும் மாறாத பாடம்.

கேமரா பானாசோனிக் எம் வரிசை. முழு வி.ஹெச்.எஸ். கேசட்டே அதன் வயிற்றுக்குள் போகும். இ-180 கேசட் என்றால் மூன்று மணி நேரம். மாப்பிள்ளை அழைப்பு, முகூர்த்தம், பந்தி, ரிசப்ஷன் எல்லாம் அதற்குள் அடங்க வேண்டும். இரண்டு வி.சி.ஆர். வைத்து எடிட் பண்ணலாம்தான். ஆனால் ஒவ்வொரு காப்பிக்கும் படம் கொஞ்சம் மங்கும், காப்பியின் காப்பி இன்னும் மங்கும். ஆகவே கேமராவிலேயே எடிட் முடிந்தாக வேண்டும். ரெக்கார்ட் பட்டனை அழுத்துவதற்கு முன்னாலேயே எங்கே தொடங்குகிறோம், எங்கே முடிக்கப்போகிறோம் என்று தெரிந்திருக்க வேண்டும்.

மாஸ்டருக்குச் சில சட்டங்கள் உண்டு. மண்டபத்துக்குள் நுழைந்ததும் யாராவது ஒரு பெரியவரின் வெள்ளை வேட்டிக்கு முன்னால் கேமராவைக் காட்டி ஒயிட் பேலன்ஸ் போடுவார். முகம் எடுப்பதற்கு முன் ஜூமை முழுக்க இழுத்து, கண்ணில் ஃபோகஸ் வைத்து, பிறகு வெளியே வருவார். பேன் பண்ணுவதானால் தொடங்கும் இடத்திலும் முடியும் இடத்திலும் கேமரா அசையாமல் நிற்கும். எல்லாவற்றுக்கும் மேல் ஒரு சட்டம்: பத்து எண்ணுவது.

"பட்டன அமுக்கிட்ட இல்ல? மனசுக்குள்ள பத்து எண்ணு. அதுக்குள்ள கை ஆடுச்சுன்னா திரும்ப எடு."

கல்யாண வீட்டுக்குப் போனால் அவர் முதலில் எடுப்பது பெண்ணையும் இல்லை, மாப்பிள்ளையையும் இல்லை. தெருவை எடுப்பார். தெருமுனையில் நின்று, பந்தலும் வாழைமரமும் பக்கத்து வீடுகளும் தெரிகிற மாதிரி ஒரு வைட் ஷாட். பத்து எண்ணும்வரை அப்படியே நிற்பார். "கேசட்ட வீணாக்கறாரே" என்று வீட்டுக்காரர்களுக்கு மனத்தாங்கல் இருக்கும். பார்க்கிறவனுக்கு இடம் தெரியாமல் ஆளைக் காட்டக் கூடாது என்பது அவர் கட்சி.

அந்தத் தெரு ஷாட்டின் மதிப்பு எனக்குப் பல வருஷம் கழித்துத்தான் விளங்கியது. பழைய கேசட்டுகளை டிஜிட்டலாக மாற்றித் தரும் வேலையும் இப்போது பார்க்கிறேன். உலகத்தில் வி.சி.ஆர். தயாரிப்பே 2016-இல் நின்றுவிட்டது. கடைசிவரை செய்துகொண்டிருந்தது ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம். கேசட்டுகளில் பூஞ்சை ஏறுகிறது. இருக்கிற பழைய மெஷின்களை வைத்து முடிந்ததைக் காப்பாற்றுகிறோம். குப்பத்திலிருந்து ஓர் ஆயா தன் மகள் கல்யாணக் கேசட்டைக் கொண்டுவந்து, பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். தாலி கட்டும் இடம்கூட வரவில்லை, அதற்குள் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, நிறுத்து நிறுத்து. அந்தத் தெருவ இன்னொரு வாட்டி காட்டு. இதான் எங்க வூடு. இந்தத் திண்ணையிலதான் எங்க நைனா ஒக்காந்து வலை பின்னுவாரு."

அந்த வீடு இன்று இல்லை. அந்தத் தெருவே இல்லை. 19-ஆம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் சென்னைத் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் கற்சுவர் நீட்டினார்கள். வருஷத்தில் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே நகரும் மணல் அந்தச் சுவரில் தடுக்கப்பட்டது. தெற்கே மெரினா அகலமானது. வடக்கே ராயபுரம் தொடங்கி எண்ணூர் வரை கடல் கரையைத் தின்ன ஆரம்பித்தது. கல் கொட்டினார்கள், கடலுக்குள் நீளும் பாறைத் தடுப்பான தூண்டில் வளைவு போட்டார்கள். அதற்குள் எத்தனையோ வீடுகள் போய்விட்டன. அந்த ஆயாவின் தெருவுக்கு மிஞ்சியிருக்கிற சாட்சி, மாஸ்டர் பத்து எண்ணி எடுத்த ஷாட்தான்.

இப்போது கேமரா இல்லாத கையே இல்லை. கேசட் செலவு கிடையாது, சன் கன் கிடையாது, தோள்வலி கிடையாது. எங்கள் எம் வரிசை கேமராவைவிடப் பல மடங்கு தெளிவாகப் படமெடுக்கும் போன், மீன் வெட்டும் அம்மாவின் முந்தானையிலும் இருக்கிறது. ஆனால் எங்கள் பகுதிப் பிள்ளைகள் எடுத்த வீடியோக்களைப் பார்க்கும்போது நெஞ்சு அடித்துக்கொள்கிறது. நாலு விநாடி அலை, மூன்று விநாடி முகம், நடுவில் வேகமாக ஒரு சுற்று. எந்த ஊர் என்று தெரியாது. இடம் கடலோடு போகிற இந்தக் கரையில் இடத்தை எடுக்காமல் விடலாமா? இதனால்தான் கேட்கிற பிள்ளைகளுக்கெல்லாம் உட்கார்ந்து சொல்லித் தருகிறேன்.

முதல் பயிற்சிக்குத் தொழிற்சாலை வாசலுக்கு அனுப்புவேன். 1895-இல் பிரான்ஸின் லியோன் நகரத்தில் லூமியேர் சகோதரர்கள் எடுத்த முதல் படங்களில் ஒன்று, தங்கள் தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியே வருகிற காட்சி. ஒரு நிமிடத்துக்கும் குறைவான படம். கேமரா ஓர் இடத்தில் நின்றது, அசையவே இல்லை. பெண்கள் வருகிறார்கள், சைக்கிள் வருகிறது, நாய் ஓடுகிறது. உலகம் இன்னும் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. திருவொற்றியூரிலும் எண்ணூரிலும் அந்த மாதிரி வாசல்களுக்குப் பஞ்சமா? என்ஃபீல்டு, எம்.ஆர்.எஃப்., அசோக் லேலண்ட் என்று பெயர் சொல்லியே வளர்ந்த ஊர். ஷிஃப்ட் விடுகிற நேரத்தில் எதிர்ச்சாரியில், பொதுத் தெருவில் நில். போனைப் படுக்கை வாக்கில் பிடி. முழங்கைகளை விலாவோடு ஒட்டு, முதுகைச் சுவரிலோ கம்பத்திலோ சாய். ஒரு நிமிடம் அசையாதே. ஜூம் தொடாதே. ஆட்கள் தானாக ஃப்ரேமுக்குள் வருவார்கள், போவார்கள். இதைச் செய்து வந்த பிள்ளைக்கு அதற்குப் பிறகு கையை ஆட்டத் தோன்றாது.

ஜூம் பற்றி ஒரு வார்த்தை. எங்கள் கேமராவில் லென்ஸே நகர்ந்து ஜூம் பண்ணும். போனில் விரலால் விரித்துப் பெரிதாக்கினால், ஓர் அளவுக்கு மேல் இருக்கிற படத்தையே வெட்டிப் பெரிதாக்குகிறது, படம் புள்ளி புள்ளியாக உடைந்துவிடும். 1x-இல் வைத்துக்கொண்டு கிட்டே நடந்து போ. கிட்டே போவதென்றால் பேச வேண்டும், அனுமதி கேட்க வேண்டும். "அக்கா, எடுக்கட்டுமா?" என்று கேட்டு எடுத்த முகத்துக்கும் தூரத்திலிருந்து திருடி எடுத்த முகத்துக்கும் உள்ள வித்தியாசம் திரையில் தெரியும்.

வெளிச்சத்துக்கு நம் கரையின் கணக்கு தனி. நமக்குச் சூரியன் கடலிலிருந்து எழும். காசிமேட்டில் விடியற்காலை மீன் ஏலத்தில் கடலைப் பார்த்துக் கேமராவைத் திருப்பினால், முன்னால் நிற்கிற மனிதர் கறுப்பு நிழலாகிவிடுவார். ஆளைக் கடலைப் பார்க்க நிறுத்தி, நீ கடலுக்கு முதுகு காட்டி நில். இளவெயில் அவர் முகத்தில் விழும். தூண்டில் வளைவுப் பாறைகளில் பாதுகாப்பான இடம் பார்த்து நின்றால் கரை முழுவதும் பின்னணியில் கிடைக்கும். சாயங்காலம் இது தலைகீழ். வெயில் ஊர்ப் பக்கமிருந்து வரும், அப்போது கடலைப் பின்னால் வைக்கலாம். திரையில் முகத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்தால் ஃபோகஸும் வெளிச்சமும் பூட்டிக்கொள்ளும். யாராவது வெள்ளைச் சட்டையில் குறுக்கே போனாலும் படம் இருளாது. கடல் ஃப்ரேமில் இருந்தால் தொடுவானக் கோடு நேராக இருக்கிறதா என்று பார். அது சாய்ந்தால் அத்தனையும் சாய்ந்ததுபோல் தெரியும்.

வீட்டுக்குள் எடுக்கும்போது படத்தில் கறுப்புப் பட்டை ஒன்று மேலும் கீழும் ஓடுவதைப் பார்த்திருப்பீர்கள். போன் ரிப்பேர் என்று நினைத்துக் கடைக்கு எடுத்துப் போகிறவர்கள் இருக்கிறார்கள். நம் மின்சாரம் விநாடிக்கு 50 சுழற்சி. அதில் எரிகிற சோக் போட்ட ட்யூப் லைட்டும் மலிவான எல்.இ.டி.யும் விநாடிக்கு 100 தடவை துடிக்கின்றன. போன் பெரும்பாலும் விநாடிக்கு 30 ஃப்ரேமில் எடுக்கிறது. இரண்டும் ஒத்துப்போகாத இடத்தில் அந்தப் பட்டை விழுகிறது. செட்டிங்கில் 25 ஃப்ரேம் இருந்தால் அதை வை. புரோ மோடு இருந்தால் ஷட்டரை 1/50 அல்லது 1/100-இல் வை. அந்தக் காலத்து பால் (PAL) முறைக் கேமராக்கள் 25 ஃப்ரேமிலேயே ஓடியதால் இந்தத் தொல்லை எங்களுக்கு இல்லை.

லென்ஸைத் துடைப்பதும் தொழில்தான். ராயபுரத்தில் ஒரு காலத்தில் மொட்டை மாடித் துணியிலெல்லாம் நிலக்கரித் தூள் படியும். 2011-இல் நீதிமன்ற உத்தரவால் சென்னைத் துறைமுகத்தில் நிலக்கரி இறக்குவது நின்று, எண்ணூர்ப் பக்கம் போனது. தூள் ஒழியவில்லை, இடம் மாறியது. போதாததற்குக் கடல் உப்பு. முதலில் ஊதி, பிறகு மெல்லிய பருத்தித் துணியால் துடை. தூளோடு தேய்த்தால் கீறல் விழும்.

சத்தத்தை யாரும் கவனிப்பதில்லை. கோடையில் மதியத்துக்கு மேல் கடற்காற்று கிளம்பிவிட்டால் மைக்கில் அதைத் தவிர வேறெதுவும் விழாது. காற்றுக்கு முதுகைக் கொடுத்து, உன் உடம்பாலேயே போனை மறைத்துக்கொள். பேசுகிறவருக்குக் கையெட்டும் தூரத்தில் நில். எண்ணூர் விரைவுச் சாலையில் கன்டெய்னர் லாரி ஓயாது. லாரிச் சத்தத்தையும் அரை நிமிடம் தனியாகப் பதிவு செய்துகொள், அதுவும் இந்த ஊரின் குரல்தான்.

இவ்வளவு வலியுறுத்துவதற்குக் காரணம் இருக்கிறது. 2017 ஜனவரி 28 அதிகாலையில் எண்ணூரில் உள்ள காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே பி.டபிள்யூ. மேப்பிள், டான் காஞ்சிபுரம் என்ற இரண்டு கப்பல்கள் மோதின. கசிந்த எண்ணெய் எர்ணாவூர்ப் பாறைகளில் கறுத்துத் திரண்டது, ஆட்கள் வாளியால் அள்ளினார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலித் தொழிற்பகுதியிலிருந்து எண்ணெய் வந்து கொசஸ்தலை ஆற்றிலும் எண்ணூர் முகத்துவாரத்திலும் பரவியது. படகு, வலை, கூழைக்கடாக்களின் இறகு எல்லாம் எண்ணெய். அதே மாதம் 26-ஆம் தேதி இரவு பெரியகுப்பத்தில் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்து ஜனங்கள் நடுராத்திரியில் வீட்டை விட்டு ஓடினார்கள். ஒவ்வொரு முறையும் நம் கையில் போன் இருந்தது. எனக்கு வந்த வீடியோக்களில் பெரும்பாலானவை ஆடின. இடம் தெரியவில்லை, தேதி தெரியவில்லை. எங்கே, எப்போது, எவ்வளவு என்ற மூன்றுக்கும் பதில் சொல்லாத வீடியோவை வைத்து யாரிடம் நியாயம் கேட்பது?

ஆகவே அப்படி ஒரு நாள் வந்தால், முதலில் உயிர். விஷவாயு என்றால் போனைப் பையில் போட்டுக்கொண்டு ஓடுங்கள். பாதுகாப்பாக நிற்க முடிந்தால், புகைபோக்கியோ பாலமோ கோயில் கோபுரமோ பெயர்ப்பலகையோ தெரிகிற மாதிரி ஒரு வைட் ஷாட், பத்து எண்ணும்வரை. அடுத்து நடுத்தர தூரத்திலிருந்து ஒன்று. பிறகு கிட்டே போய், அளவு புரியும்படி பக்கத்தில் ஒரு படகையோ துடுப்பையோ சேர்த்து ஒன்று. கேமரா ஓடும்போதே இடத்தையும் தேதியையும் நேரத்தையும் வாய்விட்டுச் சொல்லுங்கள். இரவு என்றால் தெருவிளக்கின் கீழ் நின்று எடுங்கள்.

வெளியிலிருந்து வந்து நம்மை எடுத்தவர்கள் நிறைய. 2018-இல் வந்த 'வட சென்னை' போன்ற படங்களால் ஊரின் பெயர் பரவியது, கூடவே கத்தியும் பரவியது. 2017-இல் டி.எம். கிருஷ்ணா பாடிய 'சென்னைப் புறம்போக்கு பாடல்' என்ற பாட்டை ரதீந்திரன் பிரசாத் எண்ணூர் மண்ணிலேயே படமாக்கினார்; அந்தச் சில நிமிடங்களில் கழிமுகத்துக்கு நேர்ந்தது என்னவென்று ஊரெல்லாம் பார்த்தது. மதுரை ஜவஹர்லால்புரத்திலிருந்து வந்த எம். பழனிக்குமார் வேறு மாதிரி: மீன் விற்ற தன் தாயின் வாழ்க்கையைத் தானே படமெடுத்தார். கையால் மலம் அள்ளும் கொடுமையைப் பற்றிய 'கக்கூஸ்' ஆவணப்படத்துக்கும் ஒளிப்பதிவு செய்தார். தன் வீட்டிலிருந்து தொடங்கியவரின் கேமரா எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு அவரைத்தான் பிள்ளைகளுக்குக் காட்டுகிறேன். ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை இந்தக் கரையை, இங்கே பிறந்த பிள்ளைகள் எடுத்தது இன்னும் போதவில்லை.

கடைசியாக ஒரு வேண்டுகோள். எடுத்ததை வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் படம் சுருங்கிவிடும், தேதியும் இடமும் அடங்கிய தகவலும் கழன்றுவிடும். டாக்குமென்டாக அனுப்புங்கள். ஃபைலுக்கு ஊர்ப்பெயரும் தேதியும் வைத்து, போனைத் தவிர இன்னொரு இடத்திலும் ஒரு காப்பி போட்டு வையுங்கள். இடம் போதவில்லை என்று அசலை மட்டும் அழித்துவிடாதீர்கள்.